ரோஸி பயந்திருப்பாரா?

இனி யாரும் பார்க்கமுடியாத ஒரு காதல் காட்சியைப் பற்றி எழுதுகிறேன். ஜே.சி. டேனியல் தானே இயக்கி, தானே நாயகனாக நடித்த மௌனப்படம் ‘விகதகுமாரன்’. திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டரில் திரையிட்டார்கள். 1928 என்றும் சொல்கிறார்கள், 1930 என்றும் சொல்கிறார்கள். இன்று பிலிம் கையில் இல்லை. நாயகியின் தலையிலிருந்த பூவை எடுத்து நாயகன் முத்தமிட்டதும் கூட்டம் திரையைக் கல்லால் அடித்ததாம். நாயர் பெண்ணாக நடித்த பி.கே. ரோஸி ஒரு தலித். ஊரைவிட்டே ஓடவேண்டியதாயிற்று.

இந்தக் கதையை கமல் (மலையாள இயக்குநர், நம்ம கமல் இல்லை) 2013இல் ‘செல்லுலாய்ட்’ என்று எடுத்தார். நல்ல நோக்கம்தான். ஆனால் அதில் வரும் ரோஸியை என்னால் நம்ப முடியவில்லை. எதற்கெடுத்தாலும் மிரளுகிறார், தள்ளி உட்கார்ந்து சாப்பிடுகிறார், பட்டுப்புடவையைப் பார்த்து உருகுகிறார். நிஜ ரோஸி காக்காரிசி நாடகத்தில் ஆடிய கலைஞர். எங்க கோவில்பட்டிப் பக்கம் கொடைக்கு ‘வள்ளி திருமணம்’ போடுவார்கள். நடுராத்திரியில் வள்ளி முருகனை மடக்கி மடக்கித் தர்க்கம் பண்ணுவதைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், மேடை ஏறிய பொம்பளைக்குக் கூட்டம் புதுசு இல்லை.

அந்த வள்ளியும் குறத்திதான், கட்டிக்கொள்கிறவர் சாமி. ஊரே உட்கார்ந்து பார்க்கிறது, யாருக்கும் கோபம் வருவதில்லை. மேடையில் அரிதாரம் தெரியும், விடிந்தால் கலைந்துவிடும் என்று எல்லாருக்கும் தெரியும். சினிமா அப்படி இல்லை. போட்டோ மாதிரி, அசல் மாதிரி இருந்தது. ரோஸி நாயர் பெண்ணாக நடிப்பதாகத் தெரியவில்லை. நாயர் பெண்ணாகவே தெரிந்தார். கல் எறிந்தவர்களைச் சீண்டியது முத்தத்தைவிட இதுதான் என்று நினைக்கிறேன். ‘செல்லுலாய்ட்’ இந்த இடத்தில் நிற்காமல், இரண்டாம் பாதி முழுக்க டேனியலின் வறுமைக்குப் பின்னால் போய்விடுகிறது. அவர் 1975இல் அகஸ்தீஸ்வரத்தில் இறந்தார். 1992இல் கேரள அரசு அவர் பெயரில் விருது ஏற்படுத்தியது. அதெல்லாம் சொல்லவேண்டியதுதான்.

ஆனால் ரோஸி கதை அந்த ராத்திரியோடு முடியவில்லை. லாரி ஏறித் தப்பியவர் அதே லாரி டிரைவரைக் கல்யாணம் பண்ணி, நாகர்கோவிலில் ராஜம்மாளாக வாழ்ந்தார் என்கிறார்கள். டிரைவர் சாதியில் நாயர். சினிமாவில் நடித்ததைப் பற்றி அவர் வாயே திறக்கவில்லையாம். நாயர் பெண்ணாக அவர் திரையில் நின்றது ஒரு காட்சி நேரம்கூட இல்லை. நாகர்கோவிலில் அந்த வேஷத்தோடு எத்தனையோ வருஷம் இருந்தார், தெருவில் ஒருத்தருக்கும் சந்தேகம் வரவில்லை.