வழிகாட்டியின் பிரதி: காலிக் கோட்டையில் ஒரு நடை

கவிதைத் தொகுதிகளையும் நாவல்களையும் பேசும் பக்கங்களில் ஒரு சுற்றுலா வழிகாட்டியின் பேச்சை விமர்சிக்க வருவது சிலருக்கு விநோதமாகப் படலாம். என் பக்க நியாயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். நாங்கள் எழுதும் நூல்கள் சில நூறு பிரதிகள் அச்சாகின்றன. அவற்றில் பாதி ஆசிரியரின் அலுமாரியிலேயே தங்கிவிடுகின்றன. காலிக் கோட்டைக்குள் நடந்து நடந்து கதை சொல்லும் ஒருவரோ ஒரு மாதத்துக்குள் அதைவிடக் கூடுதலான காதுகளை எட்டிவிடுகிறார். தென்னிலங்கை முஸ்லிம்களைப் பற்றி அதிகம் பேருக்குப் போய்ச் சேரும் 'நூல்' அந்த வாய்மொழிப் பிரதிதான். அதை ஒருவராவது வாசித்துப் பார்க்க வேண்டாமா?

கடந்த பாடசாலை விடுமுறையில் அக்கரைப்பற்றிலிருந்து என் பல்கலைக்கழக நண்பர் குடும்பத்தோடு வந்திருந்தார். கோட்டையைப் பிள்ளைகளுக்கு முறையாகக் காட்டவேண்டும் என்று அவர்தான் ஆங்கிலத்தில் நடக்கும் ஒரு நடைச் சுற்றுலாவுக்குப் பதிந்தார். நானும் சேர்ந்துகொண்டேன். உம்மாவிடம் சொன்னபோது அவர் சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. "எங்கட சாச்சிட ஊட்டுத் தெருவப் பாக்கிறதுக்கா மகன் நீ காசு குடுத்துப் போற?"

உம்மாவின் தங்கை வாழ்க்கைப்பட்டது கோட்டைக்குள். சிறுவயதில் நோன்புப் பெருநாளைக்கு அடுத்த நாள் அங்கே போவோம். மஃரிபுக்கு முன்னர் கொத்தளத்தில் ஏறிக் காற்று வாங்குவோம். ஆகவே கோட்டை எனக்குப் புதியதல்ல. கோட்டையை ஒருவர் 'சொல்ல'க் கேட்டதுதான் புதிது.

வழிகாட்டி முப்பது வயதைத் தொட்ட இளைஞர். எங்களோடு ஒரு ஐரோப்பியத் தம்பதியும் இருந்தார்கள். பழைய வாசலில் தொடங்கினார். வெளிப்பக்கம் பிரித்தானிய முடியின் சின்னம், உட்பக்கம் ஒல்லாந்துக் கம்பனியின் சின்னம். இரண்டு சிங்கங்கள், மேலே சேவல், கீழே 1669. இந்தச் சேவலில் தொடங்கியது அவருடைய சாமர்த்தியம். போர்த்துக்கேய மொழியில் சேவலுக்குப் பெயர் 'காலோ'. ஊரின் பெயரை அவர்கள் அப்படி விளங்கிக்கொண்டார்கள் என்று சொல்லி ஒரு கணம் நிறுத்தினார். எல்லோரும் அண்ணாந்து சேவலைப் பார்த்தார்கள். நல்ல கதைசொல்லிக்கு எங்கே நிறுத்துவது என்று தெரிந்திருக்க வேண்டும். அவருக்குத் தெரிந்திருந்தது. (பழந்தமிழில் 'காலி' என்றால் பசுக்கூட்டம். சிங்களத்தில் மாட்டுப் பட்டியைக் குறிக்கும் சொல்லிலிருந்து ஊர்ப்பெயர் வந்ததென்று சொல்வோரும் உண்டு. இதை எடுத்துவிட நாக்கு துடித்தது. தமிழ் வாத்தியாரின் வியாதி என்று அடக்கிக்கொண்டேன்.)

பிறகு கதை வேகம் பிடித்தது. 1588 இல் போர்த்துக்கேயர் எழுப்பிய சிறு அரண், 1640 இல் ஒல்லாந்தர் பிடித்தது, கருங்கல்லும் பவளப்பாறையும் கொண்டு கட்டிய மதில், 1755 இல் எழுந்த ஒல்லாந்தத் தேவாலயம். ஆண்டுகளில் பிழை காண எனக்கு இடம் தரவில்லை. நிலத்தடிக் கால்வாய்களைப் பற்றிச் சொன்ன பகுதிதான் உச்சம். கடல் பெருக்கெடுக்கும்போது நீர் உள்ளே வந்து, வற்றும்போது நகரத்தின் அழுக்கை இழுத்துச் செல்லும் என்று இரண்டு கைகளையும் அலைபோல ஆட்டிக் காட்டினார். பிள்ளைகள் வாய் பிளந்து கேட்டார்கள். 'கக்கூசு' என்ற சொல்லும் ஒல்லாந்தர் விட்டுப்போனதுதான் என்று நான் காதோடு சொன்னதும் நண்பரின் சின்ன மகன் சிரித்த சிரிப்பில் சுற்றுலா ஒரு நிமிடம் நின்றுபோனது.

என் மனக்குறை அந்தக் கால்வாயில்தான் தொடங்கியது. "ஒல்லாந்தர் தோண்டினார்கள்" என்றார். தோண்டிய கைகள் யாருடையவை? ஒல்லாந்தக் கம்பனி அடிமைகளை வைத்து வேலை வாங்கியது. அத்தோடு, சோனகரையும் செட்டிகளையும் இந்த நாட்டுக்கு அந்நியர் என்று வகுத்து அவர்களிடமிருந்து கட்டாய வேலை வாங்கியது, இயலாதவர்களிடம் அதற்கு ஈடாகப் பணம் வாங்கியது. அந்த முறைக்குக் கம்பனியின் பத்திரங்களில் வழங்கிய பெயர் 'ஊழியம்'. எங்கள் தமிழ்ச் சொல். மொழிக் கலப்பைப் பற்றி வகுப்பில் படிப்பிக்கும்போது கந்தோர், இஸ்தோப்பு, போத்தல் என்று அவர்கள் எங்களுக்குத் தந்த சொற்களை நாங்கள் பட்டியல் போடுகிறோம். அவர்கள் எங்களிடமிருந்து எடுத்த சொல் ஊழியம். கொழும்புக் கோட்டையிலும் புறக்கோட்டையிலும் சோனகர் வீடும் நிலமும் வைத்திருக்க இருந்த தடை 1832 இல்தான் நீங்கியது. இதையெல்லாம் இரண்டு மணித்தியால நடையில் சொல்ல முடியாது என்பது விளங்குகிறது. ஆனால் 'யார் தோண்டியது' என்ற எழுவாயைச் சரியாகச் சொல்ல ஒரு நிமிடம் போதும்.

அவருடைய பிரதியில் முஸ்லிம்கள் வரும் இடங்களை எண்ணிக்கொண்டே நடந்தேன். இரண்டு இடங்கள். ஒன்று இரத்தினக்கல் கடை. மற்றது வெளிச்சவீட்டுக்கு முன்னாலுள்ள மீரான் ஜும்ஆப் பள்ளி. பள்ளியின் முன் நின்று அவர் சொன்ன முதல் வாக்கியம், "பார்த்தால் தேவாலயம் மாதிரி இல்லையா?" எல்லோரும் சிரித்து, தலையாட்டி, படமெடுத்தார்கள். இன்றைய கட்டடம் 1904 இல் எழுந்தது, ஐரோப்பியப் பாணியும் இஸ்லாமியப் பாணியும் கலந்தது என்று சேர்த்துச் சொன்னார். அத்தோடு முடிந்தது.

உவமையை நாங்கள் பத்தாம் வகுப்பில் படிப்பிக்கிறோம். தெரியாததைத் தெரிந்ததால் விளக்குவது உவமை. இங்கே நடந்தது வேறு. பள்ளி எதைப்போல இருக்கிறது என்று சொல்லப்பட்டது, எதுவாக இருக்கிறது என்று சொல்லப்படவில்லை. வாங்கு சொல்லும் நேரத்தில் இந்தத் தெரு எப்படி இருக்கும், வெள்ளிக்கிழமை எந்தெந்தக் கிராமத்திலிருந்து ஆட்கள் வருவார்கள், கொத்தன்மாருக்கு இந்த முகப்பைக் கட்டும் துணிவு எப்படி வந்தது, எதுவுமில்லை. 1892 இல் தொடங்கிய பஹ்ஜதுல் இப்ராஹிமிய்யா அறபுக் கல்லூரியும் இந்தக் கோட்டைக்குள்தான். எத்தனை தலைமுறை ஆலிம்கள் அங்கிருந்து வெளியேறி நாடெங்கும் போயிருப்பார்கள்! அதற்கு ஒரு வாக்கியமும் கிடைக்கவில்லை.

லேன்பான் வீதியில் வைத்து அந்த ஐரோப்பியப் பெண், "இங்கே இத்தனை முஸ்லிம் வீடுகள் எப்படி?" என்று கேட்டார். நல்ல கேள்வி. "அவர்கள் வியாபாரத்துக்கு வந்தவர்கள்" என்று பதில் வந்தது. வந்தவர்கள்தான். எப்போது வந்தவர்கள்? 1344 இல் இப்னு பதூதா தெவிநுவரையிலிருந்து காலிக்கு வந்தபோது அவருக்கு விருந்தளித்தவர் இப்ராஹீம் என்ற முஸ்லிம் கப்பல் தலைவர். ஒல்லாந்தர் மதில் கட்ட அப்போது முந்நூறு வருடங்கள் இருந்தன. ஒல்லாந்தர் காலத்திலும் கோட்டைக்குள் ஒரு தெரு சோனக வியாபாரிகளின் பேரால் வழங்கியது. பின்னர் கொழும்புத் துறைமுகத்துக்கு அலைதடுப்புச் சுவர் எழுந்து கப்பல்கள் காலியைக் கைவிட்டன, பறங்கியர் குடும்பங்கள் ஒவ்வொன்றாக வெளியேறின. அவர்கள் விட்டுப்போன வீடுகளை வாங்கிப் பிள்ளை குட்டிகளோடு குடியிருந்து காத்தவர்களில் பெருந்தொகையினர் எம்மவர்கள். 1988 இல் யுனெஸ்கோ இதை உலக மரபுரிமை என்று அறிவித்தபோது 'உயிருள்ள' கோட்டை என்று புகழ்ந்தவர்கள் உண்டு. அந்த உயிர் யாருடையது என்பதுதான் அந்தப் பெண் கேட்ட கேள்வி.

அதற்கடுத்த நிறுத்தத்தை நான் எதிர்பார்க்கவில்லை. பச்சைக் கதவு வெள்ளையாகியிருந்தது, இஸ்தோப்பில் பிரம்புக் கதிரைகள் போட்டிருந்தார்கள், ஆனால் தூண்கள் அதே தூண்கள். சாச்சியின் வீடு. இப்போது விருந்தினர் விடுதி. வழிகாட்டி குரலைத் தாழ்த்தி, "பாழடைந்து கிடந்த ஒல்லாந்தர் வீடு, மிக அழகாக மீட்டெடுத்திருக்கிறார்கள்" என்றார்.

பாழடைந்து! அந்த முற்றத்துக் கிணற்றடியில்தான் சாச்சா எனக்கு வுழூச் செய்யப் பழக்கினார். பின்னறையில் ஒரு பெட்டி நிறைய அறபுத் தமிழ்க் கிதாபுகள் இருந்தன. சிறுவனான எனக்கு, எழுத்து அறபாகவும் சத்தம் தமிழாகவும் இருந்தது பெரிய வித்தை. தமிழ் படிக்க நான் போனதற்கு அந்தப் பெட்டியும் ஒரு காரணம். வீடு விற்றபோது பெட்டி எங்கே போனது என்று எவருக்கும் தெரியாது. ஓடு ஒழுகியது, சுவர் காறை உதிர்ந்தது, உண்மை. ஆனால் மூன்று குடும்பங்கள் சமைத்து, ஓதி, சண்டை பிடித்து வாழ்ந்த வீட்டைப் 'பாழ்' என்ற ஒரு சொல் துடைத்துவிட்டது. 'மீட்டெடுத்தல்' என்ற சொல்லுக்கு அந்தப் பாழ் தேவைப்படுகிறது. அது இல்லாவிட்டால் மீட்டவருக்கு வேலை இல்லை.

குற்றத்தை முழுவதும் அவர் தலையில் போடவும் மனம் இடம் கொடுக்கவில்லை. எங்களை எவரும் துரத்தவில்லை. 2002 இல் வெளிநாட்டவர் காணி வாங்கும்போது கட்டவேண்டியிருந்த நூறு வீத வரி நீக்கப்பட்டது. 2004 இல் அது திரும்ப வருவதற்கிடையில் கோட்டைக்குள் கதவு தட்டாத தரகர் இல்லை. சாச்சிக்கு மூன்று குமர்கள். ஒரு வீட்டை மூன்றாகப் பிரித்துச் சீதனம் கொடுக்க ஏலாது, விற்றுப் பிரித்தால் மூன்று புது வீடு. சீதனத்தைக் கண்டித்து நாங்கள் எழுதிய கதைகள் எத்தனையோ. கோட்டையின் ஓட்டு வீடுகளைச் சீதனம் எப்படி விழுங்கியது என்று ஒரு சிறுகதை என் கண்ணில் படவில்லை. சாச்சி விற்றது 2003 இல். அடுத்த வருடம் டிசம்பர் 26 இல் கடல் பொங்கி, மதிலுக்கு வெளியே பஸ் நிலையமும் விளையாட்டு மைதானமும் அழிந்தபோது மதில் கோட்டையைக் காத்தது. கோட்டையை விட்டுக் கடலோரத்தில் புது வீடு கட்டிப் போனவர்களை நினைத்துச் சாச்சி நாள் முழுக்க அழுதார். அவருடைய மகள்மார் அல்லாஹ்வின் உதவியால் தப்பினார்கள்.

நடை கொடிக்கல் கொத்தளத்தில் முடிந்தது. மற்றவர்கள் கடலைப் பார்க்கப் போக, வழிகாட்டி என்னிடம் வந்து மெதுவாக ஸலாம் சொன்னார்.

"சேர் முஸ்லிம் என்டு பள்ளியடியிலேயே வெளங்கின. எந்தூர்?"

சொன்னேன். அவரும் கோட்டைப் பிள்ளைதான். அவருடைய வாப்பா விற்றுவிட்டு வெளியே போனவர். தேத்தண்ணி குடித்துக்கொண்டே என் மனக்குறையை எடுத்து வைத்தேன். ஆசிரியத் தொழிலின் வழக்கப்படி கொஞ்சம் நீளமாகவே. அவர் கோபப்படவில்லை.

"சேர், அவங்க ரெண்டு மணித்தியாலத்துக்குத்தான் காசு தாற. எங்கட கதய செல்லத் தொடங்கினா வெளிச்சவீட்டுக்குப் போய்ச் சேரேலா." பிறகு தன் உம்மும்மாவைப் பற்றிச் சொன்னார். அவருக்குக் கண் தெரியாமல் போன பிறகும் பஸ்ஸில் கூட்டிவரச் சொல்லி, விற்ற வீட்டின் சுவரைத் தடவிப் பார்த்துவிட்டுப் போவாராம். விடுதிக்காரர்கள் முதல் தடவை பயந்தார்களாம், பிறகு கதிரை கொண்டுவந்து போட்டார்களாம். இதைச் சொல்ல அவருக்கு நான்கு நிமிடம்கூடப் பிடிக்கவில்லை. சுற்றுலாவின் இரண்டு மணித்தியாலத்தில் இதற்கு ஈடான ஓரிடம் இல்லை. சேவல் கதையும் இதற்குக் கீழேதான்.

"இத ஏன் செல்றல்ல?" என்றேன்.

"இது எங்கட ஊட்டுக் கதை சேர். வரலாறா?" பிறகு கேட்டார், "ஒல்லாந்தர்ட கதைக்குப் புத்தகம் ஈக்கி, படிச்சித்தான் சோதினை எழுதின. கோட்டை முஸ்லிம்கள்ட கதைக்குத் தமிழ்ல ஒரு புத்தகம் தாங்க. நான் படிச்சிட்டுச் செல்றன்."

என் அலுமாரியை மனதுக்குள் தட்டுத் தட்டாகத் தேடினேன். லோர்னா தேவராஜா 1994 இல் இலங்கை முஸ்லிம்களைப் பற்றி எழுதிய நூல் இருக்கிறது, அது ஆங்கிலத்தில். தமிழில், கோட்டையைப் பற்றி, அவர் கையில் கொடுக்க என்னிடம் ஒன்றுமில்லை. தமிழ் சிறப்புப் பட்டம் பெற்று இருபது வருடம் கற்பிக்கிறேன். காவியங்களுக்கு உரை எழுதத் தெரிகிறது. சாச்சியிடம் உட்கார்ந்து ஒரு நாள் கதை கேட்டு எழுதவில்லை. அவர் மௌத்தாகி ஆறு வருடமாகிறது.

ஆகவே வீட்டுக்கு வந்து கையிலிருந்த ஒன்றை அனுப்பினேன். 1911 இல் காலியில் ஒரு மதகை மூடியிருந்த கல்லாகக் கண்டெடுக்கப்பட்ட மும்மொழிக் கல்வெட்டின் படம் அது. இப்போது கொழும்பு தேசிய நூதனசாலையில் இருக்கிறது. 1409 ஆம் ஆண்டு நாளிட்டது, சீனக் கடற்தளபதி செங் ஹோ கொண்டுவந்தது. அவரும் முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர். சீனத்தில் புத்தருக்கும், தமிழில் தெனாவரை நாயனாருக்கும், பாரசீகத்தில் அல்லாஹ்வின் பேரிலும் பொன், வெள்ளி, பட்டு, எண்ணெய் என்று காணிக்கைகள் ஏறக்குறைய ஒன்றுபோல எழுதப்பட்டிருக்கின்றன. காலியின் தெருவில் இந்த மூன்று மொழிகளையும் வாசிக்கக்கூடியவர்கள் இருந்தார்கள் என்று எண்ணித்தானே அதை இங்கே கொண்டுவந்திருப்பார்கள்.

இரவு குரல்பதிவு வந்தது. "சேர், அறபெழுத்து தேஞ்சி பெய்த்து. எழுத்துத் தெரியிது, சொல் புடிபடுதில்ல. தமிழ்ப் பக்கத்த நீங்க வாசிச்சி அனுப்புங்க. சீனப் பக்கத்துக்குப் பிரச்சினயில்ல, வாற செவ்வாய் சீனாக்காரங்க ஒரு கூட்டம் வருது. அவங்களயே வாசிக்கச் செல்றன்."