மேலூர்க் கல்லுக்கு காஷ்மீர் என்று பேர்

2011 இல் அத்தை வீடு கட்டினார். சமையல் மேடைக்குக் கல் பார்க்க மதுரையில் ஒரு கிரானைட் கடைக்கு என்னையும் கூட்டிக்கொண்டு போனார். கல்லைப் பற்றி எனக்கு ஏதோ தெரியும் என்று நினைத்துவிடாதீங்க. என்னிடம் பைக் இருந்தது, அதுதான் காரணம். கடைப் பையன் வெள்ளையில் சாம்பல் ஓடி, நடுநடுவே கருஞ்சிவப்புப் புள்ளி தெறித்த ஒரு ஸ்லாபைக் காட்டி, "இது காஷ்மீர் ஒயிட்டும்மா. எக்ஸ்போர்ட் குவாலிட்டி" என்றான்.

அத்தை கையால் தடவிப் பார்த்தார். "அம்புட்டுத் தூரத்துல இருந்தா வருது தம்பி?"

"ஆமாம்மா."

மறுபடி தடவினார். "எங்க ஊரு மலைக்கல்லு மாதிரியில்ல இருக்கு!"

பையன் சிரித்தான். நானும் சிரித்தேன். அத்தைக்குப் பிறந்த ஊர் மேலூர்ப் பக்கம். எதைப் பார்த்தாலும் எங்க ஊர் மாதிரி என்பது அவர் வழக்கம். அன்றைக்கு அவர் சொன்னதுதான் சரி என்று தெரிந்துகொள்ள எனக்குச் சில வருஷம் ஆனது.

காஷ்மீர் ஒயிட் என்று உலகம் முழுக்க விற்ற கல் மேலூர் வட்டாரத்தில் வெட்டியது. நாங்கள் நின்ற கடையிலிருந்து முப்பது கிலோமீட்டர் இருக்கும். காஷ்மீருக்கும் அதற்கும் ஒட்டும் கிடையாது, உறவும் கிடையாது. வெள்ளையாக இருக்கிறது, காஷ்மீரில் பனி பெய்கிறது, அவ்வளவுதான் சம்பந்தம். இன்னொன்று, கறாராகப் பார்த்தால் அது கிரானைட்டும் இல்லை. பூமிக்கு அடியில் பெரும் சூட்டிலும் அழுத்தத்திலும் உருமாறிய பாறை. நிலவியல்காரர்கள் கிரானுலைட் என்பார்கள். அந்தச் சிவப்புப் புள்ளிகள் கார்னெட் மணிகள். ஆக, பெயரில் இருந்த காஷ்மீரும் தப்பு, பில்லில் இருந்த கிரானைட்டும் தப்பு. ஒயிட் மட்டும் ஓரளவுக்குச் சரி.

"பேருல என்ன இருக்கு, கல்லு நல்லாருந்தா சரி" என்று கேட்கலாம். நானும் கொஞ்ச காலம் அப்படித்தான் நினைத்தேன். பிறகு இந்த வியாபாரப் பெயர்களைக் குறித்துவைக்க ஆரம்பித்தேன், ஒரு பழக்கமாகவே. குறிக்கக் குறிக்க எரிச்சல்தான் வந்தது. ஏன் என்று சொல்கிறேன்.

நம்ம வீடுகளில் புழங்கும் சாதாரணக் கல்லின் பெயர்களை முதலில் பாருங்க. அலமாரித் தட்டுக்குப் போடுவது கடப்பா கல்: ஆந்திராவின் கடப்பாவில் இருந்து வரும் கறுப்புச் சுண்ணாம்புப் பாறை. பழைய வீட்டுத் தரையில் ஷாபாத் கல்: கர்நாடகத்தின் ஷாபாத். ஆஸ்பத்திரி, ரயில்வே ஸ்டேஷன் தரைகளில் கோட்டா கல்: ராஜஸ்தானின் கோட்டா. விலை குறைந்த கல், யாரும் பெருமையாகக் காட்டாத கல், ஆனால் ஊர்ப் பெயர் பத்திரமாக ஒட்டிக்கொண்டிருக்கிறது. பெயரைச் சொன்னால் எங்கே லாரி ஏறியது என்று தெரிந்துவிடும்.

இப்போது பாலிஷ் போட்டுக் கப்பல் ஏறும் கல்லுக்கு வருவோம். பிளாக் கேலக்ஸி. கறுப்பு வானத்தில் தங்க நட்சத்திரம் தெளித்த மாதிரி இருக்கும், உலகின் எத்தனையோ ஓட்டல் வரவேற்பறைகளில் கிடக்கிறது. அது ஆந்திராவின் பிரகாசம் மாவட்டத்தில் சீமகுர்த்தி என்ற ஊரின் கல். நட்சத்திரமாக மின்னுவது பிரான்சைட் என்ற கனிமம். பிரிட்டனில் வீட்டுக் கொல்லைப்புறத்தில் பாவும் கண்ட்லா கிரே இன்னும் வேடிக்கை. கண்ட்லா குஜராத்தில் உள்ள துறைமுகம். கல் ராஜஸ்தானில் வெட்டும் மணற்கல். வெட்டிய ஊரை விட்டுவிட்டு, கப்பல் ஏற்றிய இடத்தின் பெயரை வைத்துவிட்டார்கள். சீனாக்காரர்கள் பெயர் வைக்கும் பாடே வேண்டாமென்று 603, 654 என்று எண் போட்டுவிட்டார்கள். ஃபூஜியன் மாகாணத்துக் கற்கள் பலவும் அந்த எண்ணிலேயே உலகத்துக்குப் போகின்றன. அதிலாவது கவிதை இல்லை, பொய்யும் இல்லை.

விலை ஏற ஏற ஊர் அழிகிறது என்று இதை ஒரு விதியாகவே எழுதிவைத்திருந்தேன். கராரா, மக்ரானா இரண்டும் அந்த விதிக்கு அடங்கவில்லை. அந்த ஊர்ப் பெயர்களே விலை பெறும், அதனால் தப்பித்தன. கராராவுக்கு வேறு தொல்லை: சலவைக்கல்லே இல்லாத, குவார்ட்ஸ் தூளும் பிசினும் கலந்து அச்சில் அழுத்திய செயற்கைப் பலகைக்கும் கராரா என்று பெயர் வைத்து விற்கிறார்கள். விற்காத ஊர்ப் பெயரை அழிக்கிறார்கள், விற்கும் ஊர்ப் பெயரைத் திருடுகிறார்கள்.

வியாபாரிகள் பக்கமும் ஒரு நியாயம் இருக்கிறது, சொல்லாமல் விடக்கூடாது. தூத்துக்குடியிலிருந்து ஆர்டர் எடுக்கிறவருக்கும் நியூயார்க்கில் ஆர்டர் கொடுக்கிறவருக்கும் ஒரே கல் மனதில் வர ஒரு பெயர் வேண்டும். "கார்னெட் கலந்த கிரானுலைட், கீழவளவு" என்று போர்டு வைத்தால் யார் வாங்குவார்கள்? கிரானைட் என்ற சொல்லைத் தாராளமாகப் புழங்குவதும் நேற்று வந்த பழக்கம் இல்லை. பாலிஷ் ஏறுகிற கெட்டியான கல் எல்லாமே சந்தைக்கு கிரானைட்தான், எரிமலைக் குழம்பிலிருந்து வந்த டோலரைட் ஆனாலும் சரி, கேப்ரோ ஆனாலும் சரி. அறிவியலும் இந்த விஷயத்தில் ரொம்ப யோக்கியம் என்று சொல்ல முடியாது. சென்னை பல்லாவரம், பரங்கிமலைப் பாறைக்கு நிலவியலில் சார்னோக்கைட் என்று பெயர். கிழக்கிந்தியக் கம்பெனியின் ஜாப் சார்னாக் 1693 இல் கல்கத்தாவில் இறந்தார். அவர் சமாதிக்கு வைத்த கல் இங்கிருந்து போனது. இருநூறு வருஷம் கழித்து, 1893 இல், தாமஸ் ஹாலந்து என்ற நிலவியலாளர் அந்தச் சமாதிக் கல்லை வைத்துப் பாறைக்கே பெயர் சூட்டிவிட்டார். அந்தக் கல்லுக்கு சார்னாக் செய்த ஒரே காரியம் அதன் அடியில் படுத்திருந்தது. பல்லாவரைட் என்று வைத்திருந்தால் என்ன குறைந்திருக்கும்? நார்வேயில் லார்விக் என்ற ஊரின் பாறைக்கு லார்விகைட் என்றுதான் வைத்தார்கள். கடையில் புளூ பேர்ல் என்று அதை விற்றாலும், புத்தகத்தில் ஊர் நிற்கிறது.

ஆக, கவர்ச்சியாகப் பெயர் வைப்பது மட்டும் என்றால் நான் இவ்வளவு எழுத மாட்டேன். பெயர் சில வேலைகளைச் செய்கிறது, அதுதான் சங்கடம்.

ஒன்று, கழிவு. காஷ்மீர் ஒயிட் என்று ஒரு பெயரை விற்றால், ஒரு நிறத்தை வாக்குக் கொடுத்ததாக அர்த்தம். மலை அந்த வாக்கைக் கொடுக்கவில்லையே. ஒரே குவாரியில் ஓரிடம் வெள்ளை, நாலடி தள்ளிக் கறுப்பு வரி, அதற்கும் கீழே துருப்பிடித்த மஞ்சள். பெயருக்குப் பொருந்தாததும் விரிசல் விட்டதும் பிளாக்காகத் தேறாது, ஓரத்தில் கொட்டப்படும். கிரானைட் குவாரி இருக்கும் எந்த ஊருக்கும் போய்ப் பாருங்க, வெட்டி எடுத்த குழியைவிட வேண்டாமென்று கொட்டிய குவியல்தான் முதலில் கண்ணில் படும். அத்தனையும் நல்ல கல். வீட்டு அஸ்திவாரத்துக்கு எங்க தாத்தா காலத்தில் கெஞ்சி வாங்கியிருப்பார்கள்.

இரண்டு, தூசி. எனக்கு அதிகம் உறுத்துவது இதுதான். அத்தை வீட்டில் மேடைக்கல் போட்ட அன்றைக்கு, சிங்க் வைக்க ஓட்டை வெட்ட வந்தவர் வாசலில் ஸ்லாபைச் சாய்த்துவைத்து, கையில் பிடிக்கும் கட்டிங் மெஷினால் அறுத்தார். தண்ணீர் ஊற்றவில்லை. முகத்தில் ஒரு துண்டு. அரை மணி நேரம் தெருவே வெள்ளைப் புகை. அத்தை அவருக்கு மோர் கொடுத்தார், நான் மொபைலில் ஏதோ பார்த்துக்கொண்டு தள்ளி நின்றேன். அவருடைய மூச்சில் போனதில் கணிசமான பங்கு குவார்ட்ஸ், நம்ம ஊரில் வெங்கச்சங்கல் என்போமே, அதன் நுண்தூள். அது நுரையீரலில் தங்கித் தழும்பாகி சிலிகோசிஸ் ஆகும். வந்தால் குணமாக்க மருந்து கிடையாது. தண்ணீர் ஊற்றி அறுத்தாலே தூசி வெகுவாகக் குறையும்.

இதில் பெயர் எங்கே வருகிறது? உண்மையான கிரானைட்டில் அதன் வெளிர்நிறக் கனிமங்களில் ஐந்தில் ஒரு பங்குக்குக் குறையாமல் குவார்ட்ஸ் இருக்க வேண்டும், இலக்கணமே அது. பிளாக் கிரானைட் என்று விற்கும் டோலரைட்டிலும் கேப்ரோவிலும் பெயருக்குத்தான் இருக்கும். மணற்கல்லில் பெரும்பகுதி அதுவேதான். செயற்கைக் குவார்ட்ஸ் பலகையில் 90 சதவீதத்துக்கு மேல். அதை அறுத்த இளம் வயதுத் தொழிலாளர்கள் நோயில் விழுந்த பிறகு, 2024 ஜூலை 1 முதல் ஆஸ்திரேலியா அந்தப் பலகைகளையே தடை செய்தது. எந்தக் கல், எவ்வளவு குவார்ட்ஸ் என்பது அறுப்பவருக்குத் தெரிய வேண்டிய முதல் தகவல். அவர் கையில் கிடைப்பது கேலக்ஸி, பேர்ல், காஷ்மீர். மருந்துச் சீட்டில் மருந்துக்குப் பதிலாகப் பூவின் பெயர் எழுதித் தருகிற மாதிரி.

மூன்றாவது 2012 இல் தெரிந்தது. அத்தை புது வீட்டுக்குக் குடிபோய் ஆறேழு மாதம் இருக்கும். அந்த வருஷம் மே மாதம், மதுரை மாவட்ட ஆட்சியராக இருந்த உ. சகாயம், சட்டவிரோத கிரானைட் குவாரிகளால் அரசுக்கு 16,000 கோடி ரூபாய்க்கு மேல் இழப்பு என்று மதிப்பிட்டு அரசுக்கு எழுதினார். சில நாளில் அவருக்கு இடமாற்றம். ஆகஸ்டில் விஷயம் பேப்பருக்கு வந்தது. அப்புறம் தினமும் மேலூர், கீழவளவு, கீழையூர் என்று அத்தைக்குத் தெரிந்த ஊர்கள்தான் முதல் பக்கத்தில். கண்மாய் போச்சு, வாய்க்கால் போச்சு என்று புகார்கள். 2014 இல் சென்னை உயர் நீதிமன்றம் சகாயத்தையே சட்ட ஆணையராக நியமித்தது. 2015 இல் அவர் கொடுத்த அறிக்கை இழப்பை ஒரு லட்சம் கோடிக்கும் மேல் என்றது.

அத்தை அந்தச் செய்திகளைப் படித்தது, தோசைமாவை வைத்துப் பேப்பரை விரித்தது, எல்லாம் அந்த மேடைக்கல்லின் மேல்தான். இரண்டும் ஒன்று என்று எங்கள் வீட்டில் யாருக்கும் தோன்றவில்லை. தோன்றாமல் செய்ததுதான் பெயரின் சாமர்த்தியம். மேலூர் ஒயிட் என்று பில்லில் இருந்திருந்தால், "தம்பி, இது எந்தக் குவாரி?" என்று அத்தை கடைக்கே போய்க் கேட்டிருப்பார், அவரை எனக்குத் தெரியும். முறையான உரிமம் பெற்ற குவாரிக் கல்லாகவே இருந்திருக்கலாம். ஆனால் அதைச் சரிபார்க்க நூல் பிடித்துப் போக முனையே இல்லையே.

முனை கொடுக்க முடியாது என்றும் இல்லை. ஐரோப்பாவில் இதற்கென்றே ஈ.என். 12440 என்று ஒரு தர விதி இருக்கிறது. வியாபாரப் பெயர் எதுவானாலும் இருக்கட்டும். கூடவே பாறையின் வகை, நிறம், பிறந்த இடம் மூன்றையும் சொல் என்கிறது. நல்ல விதி. ஆனால் அது மொத்த வியாபாரியின் காகிதத்தோடு நின்றுவிடுகிறது. ஷோரூமில் ஸ்லாபின் மேல் ஒட்டியிருக்கும் சீட்டில் கேலக்ஸிதான். நம்ம ஊர்க் கடையில் அந்தச் சீட்டும் இல்லை, பையன் வாய்ச்சொல்தான்.

கீழவளவு மலைக்கு இரண்டு வருஷம் முன்னால் போனேன். பஞ்சபாண்டவர் மலை என்பார்கள். சமணர்கள் தங்கிய குகையில் கற்படுக்கைகள், தமிழ் பிராமிக் கல்வெட்டு. கல்வெட்டை வெட்டியவர் சில எழுத்துகளைத் தலைகீழாக வெட்டிவைத்திருக்கிறார், படிக்கத் திணறும். படித்தவர்கள் சொல்வது, தொண்டியைச் சேர்ந்த இளவோன் என்பவர் இந்தப் பள்ளியைக் கொடுத்தார் என்று. இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்திய ரசீது. கொடுத்தவர் பெயர் இருக்கிறது, அவர் ஊர் இருக்கிறது. மலையிலிருந்து இறங்கினால் அறுத்து எடுத்த குழிகள் தெரிகின்றன, பச்சைத் தண்ணீர் நிற்கிறது.

திரும்பி வந்து அத்தையிடம் அந்தக் கடை பில் இருக்கிறதா என்று கேட்டேன். அவர் எதையும் தூக்கிப்போடுகிறவர் இல்லை. வீட்டுப் பத்திர ஃபைலிலேயே வைத்திருந்தார். மேடைக்கல்லில் இப்போது அடுப்புக்குப் பக்கத்தில் எண்ணெய்க் கறையும் மஞ்சள் கறையும் உள்ளே இறங்கியிருக்கின்றன. அந்த வகைக் கல் உறிஞ்சும் என்பதையும் கடையில் யாரும் சொல்லவில்லை. பில்லில் நீல மையில் ஒரே வரி: கே. ஒயிட், 42 ச.அடி, ஏற்றுகூலி தனி.