டிப்ஸ் யார் கைக்குப் போகிறது?

விடியற்காலையில் ஆவடியிலிருந்து சென்னை சென்ட்ரலுக்குக் கிளம்பும் மின்சார ரயிலில் நட்சத்திர ஓட்டல் ஊழியர்களைப் பார்க்கலாம். அம்பத்தூரில் இன்னும் சிலர் ஏறுவார்கள். பூந்தமல்லிக்காரர்கள் போரூர் வழியாகக் கிண்டிக்குப் பஸ் பிடிப்பார்கள். ஏறக்குறைய ஒரே சம்பளம் வாங்குகிறவர்களுக்குள்ளும் வீட்டுக்குப் போகிற பணத்தில் ஏற்றத்தாழ்வு உண்டு. காரணம் டிப்ஸ்.

கண்ணில் படுகிறவருக்குத்தான் டிப்ஸ்: கதவு திறப்பவர், பெட்டி தூக்குபவர், பரிமாறுபவர். ஹவுஸ்கீப்பிங் பெண்ணோ, விருந்தினர் காலைச் சாப்பாட்டுக்கு இறங்கிய பிறகே அறைக்குள் நுழைகிறார். கனத்த மெத்தையின் முனையை ஒரு கையால் தூக்கிப் பிடித்து, விரிப்பின் மூலையைச் சாய்வாக மடித்துச் செருகுகிறார். சுருக்கம் தெரிந்தால் சூப்பர்வைசர் பிரித்துப் போடச் சொல்வார். குளியலறைக் கண்ணாடியில் ஒரு நீர்த்துளித் தடம்கூட இருக்கக் கூடாது. இப்படி ஒரு ஷிப்டில் பத்துப் பதினைந்து அறைகள். அவர் முகம் யாருக்கும் தெரியாது.

கொழும்பு ஓட்டல்களில் முறை வேறு. அங்கே பில்லிலேயே 10 சதவீதம் சேவைக் கட்டணம் சேர்ந்துவிடும். மாதந்தோறும் அது ஊழியர்களுக்குள் பங்கு பிரியும். பாத்திரம் கழுவுகிறவருக்கும் பங்குண்டு. 1864இல் தொடங்கிய கால்பேஸ் ஓட்டலில் 70 ஆண்டுகளுக்கு மேல் வேலை பார்த்து, வாசலில் விருந்தினரை வரவேற்றவர், கேரளத்திலிருந்து போன சாத்துக்குட்டன். 2014இல் மறைந்த அவர் ஊரறிந்த மனிதர். அப்படிப்பட்டவரைத் தேடி டிப்ஸ் வந்துவிடும். உள்ளே நிற்பவருக்குப் பங்குதான் துணை.

அந்தத் துணையும் நிலையானதல்ல. 2019 ஏப்ரல் 21 ஈஸ்டர் தாக்குதலில் ஷங்ரிலா, சினமன் கிராண்ட், கிங்ஸ்பரி ஆகிய கொழும்பு ஓட்டல்கள் மூன்றிலும் குண்டு வெடித்தது. நாடெங்கும் விருந்தினர் வரத்து சரிந்தது. சேவைக் கட்டணத்தை நம்பிக் குடும்பம் நடத்தியவர்கள் தவித்துப் போனார்கள். அடிப்படைச் சம்பளம் உயராமல் பங்கு மட்டும் போதாது.

இந்தியாவில் பில்லில் தானாகச் சேவைக் கட்டணம் சேர்க்கக் கூடாதென்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022 ஜூலையில் சொன்னது. 2025 மார்ச்சில் டெல்லி உயர் நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. விருப்பமில்லாதவரிடம் வசூலிப்பது தவறு, அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் மனமுவந்து தரும் பணத்தைப் பொதுவில் சேர்த்துப் பிரிக்க எந்தத் தடையும் இல்லையே! நம் ஓட்டல்கள் எல்லாமே அதைச் செய்ய வேண்டும்.

அதுவரை, அறையைக் காலி செய்யும்போது மேஜைமேல் கொஞ்சம் பணம் வையுங்கள். ‘ஹவுஸ்கீப்பிங்குக்கு’ என்று ஒரு சீட்டும் எழுதி வையுங்கள். சீட்டு இல்லாத பணத்தை மறதியாக விட்டதென்று நினைத்து, சுத்தம் செய்ய வருகிறவர் ஆபீசில் ஒப்படைத்துவிடுவார்.