யாருடைய சுதந்திரம்? இடைக்காலப் பல்கலைக்கழகம் பற்றி மூன்று நூல்கள்

1277 மார்ச் 7 அன்று பாரீஸ் ஆயர் எத்தியென் தம்பியே 219 கருத்துகளைத் தடை செய்து அறிக்கை வெளியிட்டார். பதினாறு இறையியலாளர்களைக் கலந்தாலோசித்துத் தயாரித்த பட்டியல் அது. உலகத்துக்குத் தொடக்கம் இல்லை, மனிதர் அனைவருக்கும் அறிவு ஒன்றே, மெய்யியலில் தோய்ந்த வாழ்வைவிட மேலான வாழ்வு வேறில்லை என்பன போன்ற கூற்றுகள் அதில் இருந்தன. இவற்றைக் கற்பித்தவர் மட்டுமல்ல, காதால் கேட்டவரும் ஏழு நாளுக்குள் தாமே முன்வந்து சொல்லாவிட்டால் திருச்சபையிலிருந்து விலக்கப்படுவார் என்று அறிக்கை எச்சரித்தது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் பாரீஸ் பல்கலைக்கழகத்தின் கலைப்புல ஆசிரியர்கள். மெய்யியலுக்கு ஓர் உண்மை, விசுவாசத்துக்கு எதிரான வேறோர் உண்மை என்பதுபோல அவர்கள் பேசுகிறார்கள் என்பது ஆயரின் முறையீடு.

பல்கலைக்கழக வரலாறு எழுதுபவர்களும் சமயச் சிந்தனையின் வரலாறு எழுதுபவர்களும் தவறாமல் வந்து சேரும் இடம் இது. நம்பிக்கை பகுத்தறிவின் கழுத்தை நெரித்த நாள் என்று ஒரு சாரார் எழுதினார்கள். பிரெஞ்சு அறிவியல் வரலாற்றாசிரியர் பியேர் துவெம் நேர் எதிராக, நவீன அறிவியல் பிறந்த நாள் என்று இதைக் கொண்டாடினார். வெற்றிடம் உண்டாகிவிடும் என்பதால் கடவுளால்கூட வானுலகை நேர்கோட்டில் நகர்த்த முடியாது என்ற கூற்றும் தடைப் பட்டியலில் இருந்தது. அரிஸ்டாட்டிலின் இயற்பியலுக்கு வெளியே சிந்திக்க அந்தத் தடையே வழிவிட்டது என்பது துவெமின் வாதம். மற்றோர் அறிவியல் வரலாற்றாசிரியர் அலெக்சாந்தர் கொய்ரே அதை வன்மையாக மறுத்தார். இரண்டு முடிவுகளுமே அவசரமானவை. முதலில் கேட்க வேண்டிய கேள்வி வேறு: அந்தப் பல்கலைக்கழகத்தில் சுதந்திரம் யாரிடம் இருந்தது, யார் கொடுத்தது, எந்த எல்லை வரை? மூன்று முக்கியமான நூல்களை இந்தக் கேள்வியால் சோதித்துப் பார்க்கலாம்.

முதலாவது, ழாக் லெ கோஃப் 1957இல் வெளியிட்ட ‘இடைக்காலத்தில் அறிவுஜீவிகள்’. சிறிய நூல், தாக்கம் பெரியது. பன்னிரண்டாம் நூற்றாண்டில் நகரங்கள் மீண்டும் தழைத்தபோது நெசவாளர், கொல்லர், வணிகர் என்று தொழில்கள் பிரிந்தன. அந்தப் பிரிவினையில் சிந்திப்பதையும் கற்பிப்பதையும் பிழைப்பாகக் கொண்ட ஒருவரும் பிறந்தார் என்பது லெ கோஃபின் அடிப்படைக் கருத்து. மற்றத் தொழிலாளர்கள் சங்கம் அமைத்ததைப் போலவே ஆசிரியர்களும் மாணவர்களும் சங்கம் அமைத்தார்கள். அந்தச் சங்கமே பல்கலைக்கழகம்.

இந்தப் பார்வையின் வலிமையை 1229ஆம் ஆண்டு நிகழ்ச்சிகள் காட்டுகின்றன. பாரீஸின் புறநகர் ஒன்றில் மது விலை பற்றி எழுந்த சச்சரவு கலவரமானது. அரச காவலர்கள் மாணவர்கள் சிலரைக் கொன்றார்கள். ஆசிரியர்கள் பாடங்களை நிறுத்தினார்கள். பலர் வேறு நகரங்களுக்குப் போனார்கள். சுமார் இரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு, 1231 ஏப்ரலில், திருத்தந்தை ஒன்பதாம் கிரகோரி ஓர் ஆணை வெளியிட்டார். தேவைப்பட்டால் பாடங்களை நிறுத்தும் உரிமையை அது ஆசிரியர்களுக்கு எழுத்தில் கொடுத்தது. கருத்துகளின் வரலாற்றை மட்டும் படித்தவர்களுக்கு இந்தத் தெருச் சண்டையும் வேலைநிறுத்தமும் கண்ணில் படாது. லெ கோஃப் அவற்றை மையத்துக்குக் கொண்டுவந்தார். அது என்றும் அவருடைய சாதனை.

ஆனால் அவருடைய கதாநாயகன் அவருடைய கண்டுபிடிப்புக்கே பொருந்துவதில்லை. பீட்டர் அபெலாரை அவர் முதல் பெரிய அறிவுஜீவியாக நிறுத்துகிறார். அபெலார் 1142இல் இறந்தார். பாரீஸ் ஆசிரியர் சங்கத்துக்கு முதல் விதித்தொகுப்பு கிடைத்தது 1215இல். சங்கமே இல்லாத காலத்தின் தனிமனிதர் ஒருவர் சங்கத்தின் கதைக்கு முகமாகிறார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் டிரேஃபஸ் வழக்கின்போது பிரான்ஸில் எழுந்து நின்ற எழுத்தாளர்களின் சாயல் இடைக்கால ஆசிரியர்மேல் விழுகிறது.

அதைவிடக் கனமான குறை ஒன்று உண்டு. டொமினிக்கன் துறவிகள் பாரீஸில் தங்கள் முதல் இறையியல் பீடத்தைப் பெற்றது அந்த 1229 வேலைநிறுத்தத்தின்போதுதான். மற்ற ஆசிரியர்கள் வெளியேறி நின்றபோது அவர்கள் பாடம் நடத்தினார்கள். சங்கக் கண்ணோட்டத்தில் அது துரோகம். துறவிகளுக்கும் மற்ற ஆசிரியர்களுக்கும் இடையே 1250களில் வெடித்த பெரும் பகைக்கு அதுவும் ஒரு விதை. ஆனால் அந்த நூற்றாண்டின் ஆழமான சிந்தனை எங்கிருந்து வந்தது? டொமினிக்கன்களான மகா ஆல்பர்ட்டிடமிருந்தும் தாமஸ் அக்குவினாஸிடமிருந்தும், பிரான்சிஸ்கனான பொனவெந்தூராவிடமிருந்தும். நகரத் தொழிலாளியாகச் சிந்தனையாளரைப் பார்க்கும் சட்டகத்தால் இதை விளக்க முடியவில்லை. லெ கோஃப் முரணைக் காண்கிறார், காரணத்தைத் தொடவில்லை. துறவு, பிரார்த்தனை, மறையுரை ஆகியவை சிந்தனையின் ஊற்றாக இருக்கக்கூடும் என்பதை அவருடைய நூல் போதுமான அளவு எடுத்துக்கொள்வதில்லை. அதனால் 1277ஐ அவர் ஒரு பக்கச் சார்புடன், பிரபாந்தின் சிகெர் போன்ற கலைப்புல ஆசிரியர்களின் பக்கம் நின்று படிக்கிறார்.

இரண்டாவது நூல் ஜார்ஜ் மக்திசியின் ‘கல்லூரிகளின் எழுச்சி’, 1981. ஐரோப்பாவின் கதையை ஐரோப்பாவுக்குள்ளேயே சொல்லி முடிக்க முடியாது என்பது இதன் கருத்து. பாக்தாத்தில் 1067இல் திறக்கப்பட்ட நிஸாமிய்யா மதரஸாவை மையமாக வைத்து, வக்ஃப் என்ற அறக்கட்டளைச் சொத்தின் வருவாயில் ஆசிரியருக்குச் சம்பளமும் மாணவருக்கு உணவும் உறைவிடமும் கிடைத்த ஏற்பாட்டை அவர் நுணுக்கமாக விவரிக்கிறார். மதரஸாவின் உயிர் இஸ்லாமியச் சட்டக் கல்வி. முரண்பட்ட கருத்துகளை வரிசைப்படுத்தி வாதிடும் முறை, கற்பிக்க அனுமதி தரும் இஜாஸா ஆகியவற்றை அவர் பாரீஸின் விவாத முறையோடும் ஆசிரியர் உரிமத்தோடும் ஒப்பிடுகிறார். பாரீஸில் ஏழை மாணவர்களுக்கான பதினெண்மர் கல்லூரியை 1180இல் நிறுவிய லண்டன்காரர் ஜெருசலேம் பயணத்திலிருந்து திரும்பியவர் என்பது அவர் காட்டும் தடயங்களில் ஒன்று.

தடயம் சுவையானது, ஆனால் சான்று ஆகாது. ஒருவர் ஜெருசலேம் போய் வந்ததால் அங்கே கண்ட அறக்கட்டளையைப் பாரீஸில் நட்டார் என்று முடிவு கட்ட, இடையில் ஓர் ஆவணமாவது வேண்டும். ஒத்திருப்பதைக் கடன் என்று எழுதும் பழக்கம் நூல் முழுவதும் உண்டு. இருந்தாலும் மக்திசியின் நேர்மையைப் பாராட்ட வேண்டும். தன் வாதத்தின் எல்லையை அவரே வரைகிறார்: கல்லூரிக்கு இஸ்லாமிய முன்னோடி உண்டு, சங்கமாக, தனக்கெனச் சட்ட உரிமை கொண்ட ஓர் உடலாகப் பல்கலைக்கழகம் ஐரோப்பாவில்தான் தோன்றியது. இஸ்லாமியச் சட்டம் அப்படியொரு சட்ட நபரை அங்கீகரிக்கவில்லை.

1277ஐப் புரிந்துகொள்ள மக்திசி தருவது இன்னும் மதிப்புள்ளது. இஸ்லாத்தில் ஆயரும் இல்லை, திருச்சங்கமும் இல்லை. எது சரியான போதனை என்று சொல்லும் அதிகாரம் கற்றறிந்த சட்ட அறிஞர்களிடம் இருந்தது. இஜாஸா அந்த அதிகாரத்தின் வாயில். கிறிஸ்தவத்தில் அந்த அதிகாரம் ஆயர்களுடையது. பல்கலைக்கழகம் உரிமம் பெற்ற ஆசிரியர்களை உருவாக்கத் தொடங்கியதும் போதிக்கும் அதிகாரத்துக்கு இரண்டாவது சொந்தக்காரர் வந்துவிட்டார். பகுத்தறிவா விசுவாசமா என்ற பழைய கேள்வியைவிட, எது சரி என்று தீர்ப்பளிப்பவர் யார் என்ற இந்தக் கேள்வி தம்பியேயின் அறிக்கையை நன்றாக விளக்குகிறது.

மூன்றாவது, அலென் தெ லிபெராவின் ‘இடைக்காலத்தில் சிந்தித்தல்’, 1991. லெ கோஃபுக்கு நேரடியான பதில் என்றே இதைச் சொல்லலாம். கற்பிப்பதைத் தொழிலாகக் கொள்வது சிந்தனையாளரின் இலக்கணம் ஆகாது. மெய்யியலை ஒரு வாழ்க்கை முறையாக ஏற்பதே இலக்கணம் என்கிறார் தெ லிபெரா. அந்த இலட்சியம் அரபு மெய்யியலாளர்கள் வழியாகப் பாரீஸ் கலைப்புலத்துக்கு வந்தது. 1210இல் பாரீஸில் தடை செய்யப்பட்ட அரிஸ்டாட்டிலின் இயற்கை நூல்கள் 1255இல் கலைப்புலத்தின் பாடத்திட்டத்தில் இடம்பெற்றுவிட்டன. அவற்றோடு இப்னு ருஷ்தின் உரைகளும் வந்தன. தாசியாவின் போயேத்தியுஸ் போன்ற ஆசிரியர்கள், அறிவால் அடையும் இன்பமே மனிதர் இவ்வுலகில் எட்டக்கூடிய உயர்ந்த நன்மை என்று எழுதினார்கள். அங்குமிங்கும் சிதறிக் கிடந்த கூற்றுகளை ஒன்றாகக் கோத்து, அவற்றுக்கு ஒரு கொள்கைத் திட்டத்தின் உருவம் கொடுத்தது ஆயரின் பட்டியல்தான் என்கிறார் தெ லிபெரா. ரோலாந்த் இஸ்ஸெத் 1977இல் செய்த ஆய்வு இதற்குத் துணை நிற்கிறது: தடை செய்யப்பட்ட கூற்றுகளில் பல, அறியப்பட்ட எந்த ஆசிரியரின் எழுத்திலும் அதே வடிவில் இல்லை.

மெய்யியலுக்கு ஓர் உண்மை, விசுவாசத்துக்கு வேறோர் உண்மை என்ற ‘இரட்டை உண்மை’ குற்றச்சாட்டும் அப்படியே. இப்னு ருஷ்த் கொர்தோபாவில் நீதிபதியாக இருந்தவர். உண்மை உண்மைக்கு முரணாகாது என்பதே அவர் நிலைப்பாடு. மெய்யியல் கற்பது மார்க்கச் சட்டப்படி தகுமா என்று ஆராய்ந்து ஒரு நூலே எழுதினார். அந்த நூலை இடைக்கால லத்தீன் உலகம் படிக்கவில்லை. அவர் பெயரில் அவர் சொல்லாத கொள்கை நூற்றாண்டுகளாக நிலைத்தது. இந்தப் பிழையைத் தெளிவாக்கியதில் தெ லிபெராவின் பங்கு பெரியது.

தொடர்ந்து அவர் வைக்கும் வாதம் இன்னும் துணிச்சலானது: பல்கலைக்கழகத்துக்குள் அடைபட்ட இலட்சியம் வெளியே போனது. இத்தாலிய மொழியில் எழுதிய தாந்தேயிடமும், ஜெர்மன் மொழியில் பெண்களுக்கும் மறையுரை செய்த மைஸ்டர் எக்கார்ட்டிடமும் அது வாழ்ந்தது. தாந்தே தன் சொர்க்கத்தில் சிகெரை அக்குவினாஸின் அருகிலேயே அமர்த்தினார் என்பதை நினைத்தால் இந்த வாதம் மனதைப் பிடித்துக்கொள்ளும். சமயச் சிந்தனையின் வரலாற்றைப் பல்கலைக்கழகச் சுவர்களுக்கு வெளியே தொடர வைத்தது இந்த நூலின் பெருமை.

ஆனால் வாதம் தன் எல்லையைத் தாண்டுகிறது. சிந்தனை பல்கலைக்கழகத்தை விட்டுப் போய்விடவில்லை. பதினான்காம் நூற்றாண்டில் ழான் புரிதான் பாரீஸ் கலைப்புலத்திலேயே பல பத்தாண்டுகள் கற்பித்தார்; இறையியல் புலத்துக்கு மாறவே இல்லை; இரண்டு முறை பல்கலைக்கழக அதிபராக இருந்தார். வெற்றிடம் பற்றி விவாதிக்கும்போது 1277 தடைகளை நேராகவே எதிர்கொண்டு எழுதினார். அவரை மையத்தில் வைத்தால் தெ லிபெராவின் கதை மாறிவிடும்.

வெளியே போனவர்களுக்கு நேர்ந்ததையும் அளந்து பார்க்க வேண்டும். மார்கரீத் பொரெத் என்ற பெண் ஆன்மாவின் விடுதலை பற்றிப் பிரெஞ்சு மொழியில் ஒரு நூல் எழுதினார். 1310 ஏப்ரலில் பாரீஸ் இறையியல் ஆசிரியர்கள் 21 பேர் அந்த நூலின் பகுதிகளைப் படித்துத் தவறு என்று தீர்ப்பளித்தார்கள். ஜூன் 1 அன்று அவர் உயிரோடு எரிக்கப்பட்டார். பாரீஸில் இருமுறை பேராசிரியராக இருந்த எக்கார்ட்டாலோ திருத்தந்தையிடம் மேல்முறையீடு செய்ய முடிந்தது. அவருடைய 28 கூற்றுகளைப் பற்றிய தீர்ப்பு 1329இல் வந்தபோது அவர் இறந்திருந்தார். சங்கத்துக்குள் இருந்தவருக்கும் வெளியே நின்றவருக்கும் இடையே இருந்த தூரம் இவ்வளவு. பொரெத்துக்கு எதிராகத் தீர்ப்பு எழுதியவர்கள், தங்கள் சுதந்திரத்தைத் திருத்தந்தையின் ஆணையால் காத்துக்கொண்ட அதே சங்கத்தார்.

ஹான்ஸ் தைசென் 1998இல் வெளியிட்ட, பாரீஸ் பல்கலைக்கழகத்தின் தணிக்கைகள் பற்றிய ஆய்வு இதற்கு அடித்தளம் தருகிறது. 1200 முதல் 1400 வரை நடந்த தணிக்கைகளில் பல, பல்கலைக்கழகத்தின் சொந்த ஒழுங்கு நடவடிக்கைகளாகவே நடந்தன என்று அவர் விதிமுறைகளையும் வழக்குகளையும் வைத்துக் காட்டுகிறார். தம்பியேயின் பட்டியலைத் தயாரிக்க உதவியவர்களும் ஆசிரியர்களே. 1323இல் அக்குவினாஸ் புனிதராக அறிவிக்கப்பட்டதும், 1325இல் பாரீஸ் ஆயர் அவரைத் தொடும் அளவுக்கு அந்தத் தடையை நீக்கினார். தடை செய்ததும் நீக்கியதும் ஒரே நிறுவனங்களின் கைகளால் நடந்தன.

ஆகவே என் முடிவு இது. இடைக்காலப் பல்கலைக்கழகத்தின் சுதந்திரம் ஒரு சங்கத்தின் சலுகை. உறுப்பினருக்கு அது உண்மையான கவசம். உறுப்பினர் அல்லாதவருக்கு அதுவே தீர்ப்பு மேடை. லெ கோஃப் சங்கத்தைச் சரியாகக் கண்டார். அதன் கொடையைத் தனிமனிதர் கையில் தவறாகக் கொடுத்தார். மக்திசி அதிகாரம் பற்றிய சரியான கேள்வியைக் கேட்டார்; கடன் வழியை நிறுவத் தவறினார். தெ லிபெரா சமயச் சிந்தனையின் உள்ளே மூவரிலும் ஆழமாகச் சென்றார். நிறுவனத்தை மிக விரைவில் கைவிட்டார். ஒரே ஒரு நூல்தான் படிக்க முடியும் என்பவர் தெ லிபெராவைப் படிக்கட்டும். புரிதானையும் பொரெத்தையும் அருகில் வைத்துக்கொண்டு படிக்கட்டும். இந்தத் துறைக்குப் புதிதாக வருபவர் லெ கோஃபில் தொடங்கலாம். அங்கேயே நின்றுவிடக் கூடாது.