மந்திரம் வெல்லாத வாது

"தமிழில் மிகுபுனைவே இல்லை" என்ற தீர்ப்பு இளம் வாசகர் வட்டங்களில் இப்போது அடிக்கடி காதில் விழுகிறது. விண்மீன்களிடமிருந்து ஆற்றல் பெறும் மந்திரவாதிகள், அந்த ஆற்றலின் பொருள் என்னவென்று மோதிக்கொள்ளும் கொள்கை அணிகள் எல்லாம் ஆங்கில நாவல்களிடமும் வீடியோ கேம்களிடமும் நாம் கடன் வாங்க வேண்டியவையாம். நம்மிடம் இருப்பது பாட்டி கதையும் பேய்க் கதையும் மட்டும்தானாம். நிலா எந்த நாள்மீனோடு கூடுகிறது என்று கணக்குப் பார்த்துச் சித்ரா பௌர்ணமி கொண்டாடும் பேராக்கின் தெலுக் இந்தானிலும் இதைச் சொல்ல ஆள் இருக்கிறார்கள் என்பதுதான் வேடிக்கை.

சாத்தனாரின் மணிமேகலைக் காப்பியத்தைத் திறந்து பார்த்தாலே போதும். மணிபல்லவத்தின் கோமுகிப் பொய்கையில் கிடக்கும், அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபி நினைத்தபோதெல்லாம் வெளிவராது. இளவேனிலில், ஞாயிறு இடபத்தில் நிற்க, நிறைமதி விசாகத்தோடு சேரும் புத்தர் பிறந்த நாளில்தான் மேலெழும். வேற்றுருக் கொள்ளவும், வான்வழி செல்லவும், பசி தாங்கவும் நாயகிக்கு மூன்று மந்திரங்கள் வாய்த்திருக்கின்றன. விண்மீன் மாயம் வேண்டுமென்றால் இதோ இருக்கிறது.

சாத்தனாரின் மேதைமை அடுத்த படியில் தெரிகிறது. இத்தனை ஆற்றலும் பெற்றவள் வஞ்சி நகருக்குள் ஒரு தவசியின் வடிவில் நுழைந்து, மாணவியைப் போல நின்று கேட்கிறாள். 27ஆம் காதையில் அளவைவாதி, சைவவாதி, பிரமவாதி, வைணவவாதி, வேதவாதி, ஆசீவகன், நிகண்டவாதி, சாங்கியன், வைசேடிகன், பூதவாதி என ஒவ்வொருவரும் தத்தம் கொள்கையைத் தம் வாயாலேயே சொல்கிறார்கள். கண்ணால் காண்பதே மெய் என்னும் பூதவாதி, அவளுடைய முற்பிறப்பு அறிவைத் தெய்வ மயக்கம் என்று தள்ளிவிடுகிறான். அவள் பறந்து காட்டியிருக்கலாம். அதைச் செய்யாமல், உன் தாய் தந்தையரை அனுமானத்தால் அன்றி வேறு எப்படி அறிந்தாய் என்று கேட்கிறாள். மாயம் நிரம்பிய உலகத்தில் மாயத்தைச் சான்றாகக் காட்ட மறுக்கும் இந்த இடம் தமிழ்க் கற்பனையின் உச்சங்களில் ஒன்று. சாத்தனார் நடுநிலையாளர் அல்லர். முடிவில் பௌத்தமே வெல்லும். ஆனாலும் எதிரியைப் பேசவிட்ட பிறகே வெல்கிறார்.

பௌத்தக் காப்பியமான குண்டலகேசியில் சில பாடல்களே மிஞ்சின. அதற்கு மறுப்பாக எழுந்த நீலகேசியில் சமணம் தழுவிய ஒரு பேய்ப்பெண், அக்காப்பிய நாயகி குண்டலகேசி தொடங்கிப் புத்தர் வரை ஒவ்வொருவராக வாதுக்கு இழுக்கிறாள். தருக்கத்தில் அனல் பறக்கிறது. தோற்பவர்களுக்குத்தான் நியாயம் கிடைக்கவில்லை.

இந்த வாது மரபின் சரிவு சேக்கிழாரின் பெரியபுராணத்தில் தொடங்குகிறது. மதுரையில் சம்பந்தருக்கும் சமணருக்கும் நடந்ததாகச் சொல்லப்படும் அனல்வாதத்திலும் புனல்வாதத்திலும் நெருப்பில் வேகாத ஏடும் வையையை எதிர்த்து ஏறிய ஏடும் தீர்ப்பு வழங்குகின்றன. அவருடைய கவித்துவத்தில் குறையில்லை. ஆனால் வாதத்தின் இடத்தில் அற்புதம் வந்து உட்கார்ந்துவிட்டது. பிறகு அது எழுந்திருக்கவே இல்லை. பெரிய எழுத்து விக்கிரமாதித்தன் கதை, மதனகாமராஜன் கதை, 1947இல் தொடங்கிய அம்புலிமாமா, விட்டலாச்சார்யா படங்கள் எல்லாவற்றிலும் மந்திரம் வெறும் கருவி. யார் பக்கம் நியாயம் என்பது முதல் பக்கத்திலேயே முடிவாகிவிடுகிறது.

உ.வே.சா. 1898இல் மணிமேகலையையும், சக்கரவர்த்தி நயினார் 1936இல் நீலகேசியையும் அச்சேற்றினார்கள். ஆனாலும் வாதம் நாவலுக்குள் பெரிய அளவில் திரும்பியது 1997இல், ஜெயமோகனின் விஷ்ணுபுரம் வழியாக. அதன் கௌஸ்துபம் பகுதியில் ஒரு கற்பனை நகரமே தத்துவ அணிகளின் களமாகிறது. பௌத்தனான அஜிதன் வெல்கிறான். அந்த வெற்றியும் அதிகாரமாக இறுகிவிடுகிறது. சில பக்கங்கள் வகுப்பறை நெடி அடிக்கின்றன என்பது உண்மைதான். 2014 முதல் 2020 வரை 26 நாவல்களாக வந்த அவருடைய வெண்முரசில் பாரதப் போரே வேதங்களுக்கு இடையிலான பூசலாகிறது. அங்கும் தத்துவம் சில பாத்திரங்களை மூச்சுவிட விடுவதில்லை.

மலேசியத் தமிழ்ப் புனைவோ தோட்டத்து லயத்தையும் பால்மரத்தையும் கங்காணியையும் விட்டு நகரத் தயங்குகிறது. சயாம் மரண ரயிலைச் சொன்ன அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்ன'த்தின் கனத்தை யாரும் மறுக்க முடியாது. 2020இல் உள்துறை அமைச்சின் தடைக்குள்ளான ம. நவீனின் 'பேய்ச்சி' ஒரு நாட்டார் தெய்வத்தை நாவலின் நடுவே நிறுத்திக் காட்டியது. இருந்தும் யதார்த்தமே நேர்மை, மற்றதெல்லாம் தப்பித்தல் என்ற சலித்துப்போன வாய்ப்பாட்டை நம் விமர்சனம் இன்னும் ஒப்பித்துக்கொண்டிருக்கிறது.

இந்த மண்ணில் கொள்கைக்குப் பஞ்சமா? 1929 டிசம்பரில் பெரியார் மலாயா வந்தார். அதன்பின் சுயமரியாதைக்காரர்களும் கோயில்காரர்களும் ஒரே தோட்டத்தில் முறைத்துக்கொண்டார்கள். ஜப்பானியர் காலத்தில் நேதாஜியின் படைக்கு ஆள் போனது. 1948இல் பேராக்கின் சுங்கை சிப்புட்டில் தோட்ட நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட்டு அவசரகாலம் வந்தது. தொழிற்சங்கத் தலைவர் எஸ். ஏ. கணபதி 1949இல் தூக்கிலிடப்பட்டார். நாத்திகன், முனீஸ்வரனுக்குச் சுருட்டு வைப்பவன், பொதுவுடைமையாளன், தேசியப் படைக்காரன் என்று சாத்தனாரின் வஞ்சிக்குச் சற்றும் குறையாத கூட்டம் நம் லயங்களில் இருந்தது.

இவர்களை வரலாற்று நாவலுக்குள் அடைத்தால் யார் தோற்றார் என்பது வாசகனுக்கு முன்பே தெரிந்துவிடும். கற்பனை உலகத்தில்தான் தோற்றவன் மறுபடி வாய் திறந்து, வென்றவனுக்கு ஈடுகொடுத்து எதிர்க்க முடியும். பேராக்கிலிருந்து எழுதப் புறப்படும் இளைஞர்கள் விண்மீன் மந்திரத்தைத் தாராளமாக எடுத்துக்கொள்ளட்டும். தீர்ப்புச் சொல்லும் வேலையை மட்டும் அதனிடம் கொடுக்க வேண்டாம்.