ஊர் திரும்பியவன் ஊமையானான்

கடல் கடந்து சென்று, ஏழாண்டுகள் ஐரோப்பாவில் கல்வி பயின்று, நைல் ஆற்றங்கரைச் சிற்றூருக்குத் திரும்புகிறான் ஓர் இளைஞன். உற்றார் சூழ்ந்து நிற்கின்றனர். அவனோ தனக்கும் அவர்கட்குமிடையே பனித்திரை ஒன்று தொங்கக் காண்கிறான். மறுநாள் முற்றத்துப் பேரீச்ச மரத்தைக் கண்டதும் திரை விலகிவிட்டதாம்! தன் வேர் இம்மண்ணில்தான் என மகிழ்கிறானாம்!

சூடான் நாட்டு எழுத்தாளர் தயிப் சாலிஹ் 1966-ல் அரபு மொழியில் அளித்த ‘வடக்கு நோக்கிப் புலம்பெயரும் பருவம்’ எனும் புதினம் இவ்வாறு தொடங்குகிறது. இருபதாம் நூற்றாண்டின் தலைசிறந்த அரபுப் புதினமென 2001-ல் டமாஸ்கசில் அரபு இலக்கிய அறிஞர்கள் இதனைப் போற்றினர். போற்றுவோர் பலரும் இலண்டனில் வாழ்ந்து மீண்ட முஸ்தபா சயீதின் மர்மத்தையே பேசுகின்றனர். நாம் பேச விரும்புவது அவன் மனைவி ஹுஸ்னாவைப் பற்றி.

முஸ்தபா ஆற்று வெள்ளத்தில் மறைகிறான். மனைவிக்கும் இரு மைந்தர்க்கும் காப்பாளனாக அவன் எழுதி வைத்துச் சென்றது நம் பட்டதாரியின் பெயரை. எழுபதை எட்டிய வத் ரய்யிஸ் அந்தக் கைம்பெண்ணை மணக்கத் துடிக்கிறான். தூது செல்ல எவனை அழைக்கிறான்? காப்பாளனையே! அவனும் செல்கிறானே, அதுதான் கொடுமை! வற்புறுத்தினால் கிழவனைக் கொன்று தானும் மாள்வேன் என்கிறாள் ஹுஸ்னா. கேட்டவன் எழுந்தான், கார்ட்டூம் நகரத்துக் கல்வித்துறை வேலைக்குத் திரும்பினான். தந்தை அவளை வலிந்து மணம் முடித்தார். அவள் சொன்னதைச் செய்தாள்.

ஊரார் அவனை அந்நியனாக்கவில்லை. வந்த நாளிலேயே, ஐரோப்பியரும் நம்மைப் போன்றவர்தாம் என்று சொல்லி, நெஞ்சில் இருந்த மற்றவற்றை விழுங்கிவிட்டான் அவன். பாட்டனின் அன்பும் ஊரின் அரவணைப்பும் அவனுக்கு வேண்டும். அவை குலையுமென்று அஞ்சி வாய் மூடினான். வீட்டுப் பிள்ளையென்ற பெயர் நிலைத்தது. அதற்கு விலை ஹுஸ்னாவின் உயிர்.

ஆசிரியர்மீதும் நமக்கொரு குறை உண்டு. முஸ்தபாவின் இலண்டன் லீலைகளுக்குப் பக்கம் பக்கமாக இடமளித்தவர், ஹுஸ்னாவுக்குச் சில சொற்களே தந்தார். அவள் சாவையும் மது அருந்திய மூதாட்டியொருத்தியின் வாய்வழியேதான் கேட்கிறோம்.

இறுதியில் நட்டாற்றில், இரு கரையும் எட்டாமல், உதவி கேட்டு அலறுகிறான் அவன். பெயரளவிலேனும் உங்கள் மகன் என்னை மணந்து காக்கட்டும் என்று ஹுஸ்னா அவன் தந்தையிடம் மன்றாடிய நாளில், அவன் கார்ட்டூமில் இருந்தான்.