மைக்செட்காரர் இல்லாத இசை வரலாறு

யுனெஸ்கோவின் படைப்பாக்க நகரங்கள் பட்டியலில் இசைப் பிரிவின்கீழ்ச் சென்னை 2017 இல் சேர்க்கப்பட்டது முதல், 'இசை நகரம்' என்ற அடைமொழி சுற்றுலாக் கையேடுகளிலும் நாளிதழ்களின் மார்கழி இணைப்புகளிலும் கேட்பாரின்றிப் புழங்கிவருகிறது. சபா அரங்குகளுக்குள் நிகழ்வது இசை என்றும், மதிலுக்கு வெளியே கேட்பது இரைச்சல் என்றும், நகரம் வீங்க வீங்க இரைச்சல் பெருகியபோது அரங்குகளே இசையைக் காத்து நின்றன என்றும் அந்த அடைமொழி சொல்லாமல் சொல்கிறது. இக்கருத்து வரலாற்றோடு பொருந்தாது. சென்னைவாசியின் செவியைப் பழக்கியதில் அரங்கைவிடத் தெருமுனை ஒலிபெருக்கிக்கும் அதை இயக்கிய மைக்செட்காரருக்கும் பங்கு அதிகம். ஆயினும் இசை வரலாற்றுத் துறையின் பெயர்பெற்ற நூல்களில் அவர் மையத்துக்கு வந்ததில்லை.

முன்கதை தெரிந்ததுதான். தஞ்சை அரசவை மங்கிய பின் வித்வான்கள் சென்னையை நாடியது, திருவல்லிக்கேணியிலும் மயிலாப்பூரிலும் ஜார்ஜ் டவுனிலும் வணிகர்களும் வழக்கறிஞர்களும் அவர்களுக்குப் புரவலர்களானது, 1927 டிசம்பரில் காங்கிரஸ் மாநாட்டை ஒட்டி நடந்த இசை மாநாட்டின் விளைவாக 1928 இல் மியூசிக் அகாடமி தோன்றியது, 1943 இல் தமிழிசைச் சங்கம் எழுந்தது ஆகியவை பலமுறை எழுதப்பட்டுவிட்டன. லட்சுமி சுப்ரமணியனும் அமண்டா வெய்ட்மனும் 2006 இல் தனித்தனியே வெளியிட்ட நூல்கள், கர்நாடக இசைக்குக் கிடைத்த 'செவ்வியல்' என்னும் தகுதி தொன்றுதொட்டு வந்ததன்று, காலனியக் காலத்து நடுத்தர வர்க்கம் தனக்காக வடித்துக்கொண்டது என்பதை நிறுவின. துணிவான பணிதான், எனினும் அரங்கின் பெருமிதத்தைக் கேள்விக்கு உட்படுத்திய அந்த ஆய்வுகளும் பெரும்பாலும் அரங்கின் வாசலிலேயே நின்றுவிட்டன.

தெரு அரங்குக்குள் நுழைந்தபோது என்ன நேர்ந்தது என்பதற்கு நாகசுரமே தக்க சான்று. திமிரி எனப்படும் குட்டையான, உச்ச சுருதி கொண்ட நாகசுரம், சுவாமி புறப்பாட்டில் நான்கு வீதிக்கும் எட்டும்படி அமைந்த கருவியாகும். திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை அதைவிட நீளமான, தாழ்ந்த சுருதியுடைய பாரி நாகசுரத்தை நிலைநிறுத்தியபோது, உட்கார்ந்து கேட்கும் கூட்டத்துக்கும் ஒலிவாங்கிக்கும் இசைவான நாதம் பிறந்தது. அது இசையின் வெற்றி என்பதில் ஐயமில்லை. திறந்த வெளிக்கென வளர்ந்த ஒரு கேட்கும் முறை அதனால் பின்தள்ளப்பட்டது என்பதை மட்டும் பாராட்டுரைகள் சொல்வதில்லை.

தெருவை ஆராய்ந்தவர்கள் இல்லாமல் இல்லை. இரயில் விபத்தையும் கொலைச் செய்தியையும் சிந்தாகக் கட்டி, மலிவுத்தாளில் அச்சிட்டு, முச்சந்தியில் பாடி விற்ற குஜிலிப் பாட்டுப் புத்தகங்களை ஆ. இரா. வேங்கடாசலபதி 'முச்சந்தி இலக்கியம்' நூலில் மீட்டெடுத்தார். நாடகப் பாட்டும் இசைத்தட்டும் தேசிய இயக்கத்தைச் சுமந்த கதையைச் சு. தியடோர் பாஸ்கரன் 1981 இலேயே எழுதினார். கிராமபோன் சந்தையின் வளர்ச்சியை ஸ்டீபன் ஹியூஸ் ஆராய்ந்தார். இவற்றை இலக்கிய வரலாறு என்றும் திரைப்பட வரலாறு என்றும் பிரித்து அடுக்கியதால், இவை சேர்ந்து உணர்த்தும் உண்மையை இசை வரலாற்றாசிரியர்கள் தவறவிட்டார்கள்: இருபதாம் நூற்றாண்டுச் சென்னையில் இசை என்பது முதன்மையாக, கூட்டத்தோடு கூட்டமாய் நின்று, கருவியின் வழியே கேட்கப்பட்ட ஒன்று.

இதற்கு வித்திட்டதில் அரசு அமைப்புகளுக்கும் பங்குண்டு. தனியார் வானொலிக் கழகம் ஒன்று 1924 இல் தொடங்கிப் பணமின்றிக் கைவிட்ட ஒலிபரப்பைச் சென்னை மாநகராட்சி ஏற்று 1930 முதல் நடத்தியது. வானொலிப் பெட்டி வாங்க வசதியற்றவர்களும் கடற்கரையில் பொது ஒலிபெருக்கி வழியே மாலை நிகழ்ச்சிகளைக் கேட்டனர். 1938 இல் அகில இந்திய வானொலி நிலையம் வந்தது. 1950களில் அது திரைப்பாடலை ஒதுக்கியபோது நேயர்கள் சற்றும் தயங்காமல் இலங்கை வானொலியின் பக்கம் முள்ளைத் திருப்பினார்கள். 1949 இல் ராயபுரம் ராபின்சன் பூங்காவில் கொட்டும் மழையில் தொடங்கப்பட்ட திராவிட முன்னேற்றக் கழகமோ, மேடைப்பேச்சையே செவிக்கு விருந்தாக்கியது. அடுக்குமொழியின் அழகியலை பெர்னார்ட் பேட் நுட்பமாக ஆராய்ந்தார். பேச்சாளர் வருவதற்கு முன்பு மணிக்கணக்கில் கூட்டத்தைக் கட்டிவைத்த பாட்டுகளை யார் தேர்ந்தார், எந்த வரிசையில் போட்டார் என்ற கேள்வி இன்னும் எஞ்சியிருக்கிறது.

அந்தக் கேள்விக்குரிய ஆள்தான் மைக்செட்காரர். கூம்பு வடிவக் குழாய் ஒலிபெருக்கிகளையும் ஆம்ப்ளிஃபயரையும் இசைத்தட்டுகளையும், பின்னாளில் ஒலிநாடாக்களையும், வாடகைக்குக் கொண்டுவந்து மரத்திலும் விளக்குக் கம்பத்திலும் கட்டிய அவருடைய தொழில் வெறும் மின்வேலை அன்று. விநாயகர் பாட்டில் தொடங்கவேண்டும் என்பதும், ஆடியில் கூழ் ஊற்றும் தெருவில் எல். ஆர். ஈஸ்வரியின் அம்மன் பாட்டுகள் இல்லாமல் விடியாது என்பதும், தாலி கட்டும் நேரத்துக்கும் பந்தி நேரத்துக்கும் வெவ்வேறு பாட்டு உண்டு என்பதும் அவருக்கு மனப்பாடம். நாகூர் ஹனீபாவின் ஒரே குரல் தர்கா கந்தூரியிலும் கழகக் கூட்டத்திலும் ஒலித்தது. எந்த இடத்தில் எந்தத் தட்டைப் போடுவது என்ற விவேகம் மைக்செட்காரருடையது. நாள்காட்டியைப் பார்க்காமலே, காற்றில் வரும் பாட்டைக் கொண்டு அடுத்த தெருவில் நடப்பது காதுகுத்தா, திருவிழாவா, தேர்தலா என்று நகரவாசிகள் அறிந்தார்கள். இசையறிஞர்கள் 'நிரல்' என்று போற்றும் கச்சேரி ஒழுங்கை அரியக்குடி ராமானுஜ ஐயங்கார் வகுத்தார் என்று எழுதுவோர், தெருவின் நிரலை வகுத்தவரைப் பெயரின்றி விட்டது வெறும் மறதி என்று கொள்வதற்கில்லை.

கானாப் பாட்டுக்கு நேர்ந்ததும் இந்தப் புறக்கணிப்பின் மறுபக்கமே. வடசென்னையில் இறந்தவர் வீட்டின் முன் டோலக்கும் டேப்பும் துணையாக இரவெல்லாம் பாடப்பட்ட மரண கானா, 1990களில் தேவாவின் திரையிசையில் துள்ளலாகத் திரிந்து, 2012 இல் 'அட்டகத்தி' படத்தில் பாடிய கானா பாலா வழியே மீண்டும் கவனம் பெற்று, 2018 ஜனவரியில் கேஸ்ட்லெஸ் கலெக்டிவ் குழுவின் மேடையில் அரசியல் குரலானது. அக்குழுவின் இசைவாணி 2020 இல் பிபிசியின் நூறு பெண்கள் பட்டியலில் இடம்பெற்றார். இவை மதிக்கத்தக்க சாதனைகள். ஆனால் கானா மேடையேறிய பிறகே அதைக் கண்டுகொண்ட விமர்சனம், சாவு வீட்டு வாசலில் அது ஆற்றிய பணியை, அழுகையை ஊராரின் பொதுக் காரியமாக்கிய அப்பணியை, இன்னும் ஆராயவில்லை. 2015 இல் மீனவர் குடியிருப்பான ஊரூர் ஆல்காட் குப்பத்துக்குக் கர்நாடக இசை போனதைக் கொண்டாடிய கட்டுரைகளும், குப்பம் அதுவரை எதைக் கேட்டுவந்தது என்று வினவவில்லை.

இதனிடையே சட்டம் குறுக்கிட்டது. ஒலியின் அளவைக் குறிக்கும் அலகான டெசிபலைக் கொண்டு, குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55, இரவில் 45 என 2000 ஆம் ஆண்டின் ஒலிமாசு விதிகள் வரம்பிட்டன. அதே ஆண்டில் சென்னை மாதவரம் நெடுஞ்சாலைக் குடியிருப்பு ஒன்றிலிருந்து எழுந்த வழக்கில், ஒலிபெருக்கியும் மேளமும் கொண்டு பிறர் அமைதியைக் குலைத்து வழிபடுவது எந்த மதமும் விதித்த கடமை ஆகாது என உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தேர்வுக்குப் படிக்கும் பிள்ளையும் நோயாளியும் குழாய் ஒலிபெருக்கியால் பட்ட பாடு உண்மையானது. அதை மறுப்பவர் அதன் கீழ் ஒரு நாளும் தூங்க முயன்றிராதவர். எனினும் இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை ஒலிபெருக்கியைத் தடுக்கும் அதே விதி, கலையரங்கு, விருந்து மண்டபம் போன்ற மூடிய இடங்களுக்கு விலக்களிக்கிறது. மண்டப வாடகை கொடுக்க முடிந்தவரின் கொண்டாட்டம் சுவருக்குள் சட்டபூர்வமாகத் தொடர, தெருவையே மண்டபமாகக் கொண்டவரின் பாட்டு குற்றமாகிறது.

கனடிய இசையமைப்பாளர் முர்ரே ஷேஃபர் 1977 இல் விரித்துரைத்த 'ஒலிச்சூழல்' என்ற கருத்து, அதாவது ஓரிடத்தின் எல்லா ஒலிகளையும் ஒருங்கே அதன் பண்பாடாகக் கொள்ளும் பார்வை, இங்கே உதவக்கூடியது. ஆனால் தொழில்நகரின் ஒலியைச் சீரழிவாகக் கண்ட அவருடைய மனச்சாய்வையும் சேர்த்தே இறக்குமதி செய்தால், பெரம்பூர் வட்டாரத்துக்குப் பொழுதுணர்த்திய பின்னி ஆலையின் சங்கு வெறும் இரைச்சலாகிவிடும். அந்த ஆலை 1990களில் மூடப்பட்டது. ஆற்றங்கரைக் குடிசைகள் கண்ணகி நகருக்கும் பெரும்பாக்கத்து அடுக்குமாடிகளுக்கும் பெயர்க்கப்பட்டபோது, பந்தல் போடும் தெருவும் அதற்கேற்ற கேட்கும் பழக்கமும் கலைந்தன. இவற்றை ஆவணப்படுத்தாத எந்த 'இசை நகர' வரலாறும் குறைவரலாறே.

டி. எம். கிருஷ்ணா 2020 இல் வெளியிட்ட 'செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்' நூல், வாசிப்பவரிடமிருந்து பார்வையைத் திருப்பி மிருதங்கம் செய்யும் தலித் கைவினைஞர்களிடம் கொண்டுசென்றது. இத்துறை போகவேண்டிய திசை அதுவே. பழைய மைக்செட்காரர்கள் பலர் முதுமையில் இருக்கிறார்கள். அவர்களுடைய தட்டுகள் பழைய சாமான் கடைகளுக்குப் போய்க்கொண்டிருக்கின்றன. பாட்டுப் புத்தகங்களைப் பேணிவரும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்ற நிறுவனங்களும் பல்கலைக்கழக இசைத்துறைகளும், அவர்களுடைய வாய்மொழியையும் வாடகைக் கணக்கேடுகளையும் இப்போதே திரட்டத் தொடங்கவேண்டும்.